கேட்டவன் கையில் மிச்சமிருக்கும் நேரம்

சேலம் பக்கத்து நெசவூரான இளம்பிள்ளையின் கடைவீதியில் கொஞ்ச நேரம் நின்றால் போதும், காலத்தைப் பற்றிய இங்கிலீஷ் வார்த்தைகள் முக்கால்வாசி காதில் விழுந்துவிடும். "அட்வான்ஸ் போட்டு விடுங்கக்கா, பீஸ் எடுத்து வெச்சிடறேன்." "ட்வென்டி ஃபிஃப்த்துக்குள்ள டெலிவரி வேணும்ணா." "இன்னிக்கு ஷட்டவுனுங்க, சாயங்காலத்துக்கு மேலதான் தறி ஓடும்." "டியூ டேட் தாண்டிப் போச்சு, பேங்க்ல இருந்து ரிமைண்டர் மேல ரிமைண்டர்." சொல்கிறவர்களில் பாதிப் பேர் எட்டாவதுக்கு மேல் பள்ளிக்கூடம் பார்க்காதவர்கள். ஆனாலும் ஒரு வார்த்தை இடம் மாறி விழாது.

நான் இந்தப் பக்கத்தில் இங்கிலீஷ் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். வகுப்பில் வருஷம் முழுக்கக் கத்தியும் பிள்ளைகளுக்கு ஏறாத வார்த்தைகள், கடையில் வேலைக்குச் சேர்ந்த ஒரு மாதத்தில் ஏறிவிடுவதைப் பார்த்திருக்கிறேன். காரணம் கண்டுபிடிக்கப் பெரிய ஆராய்ச்சி வேண்டாம். வகுப்பில் தப்பாகச் சொன்னால் மார்க் போகும். கடையில் தப்பாகச் சொன்னால் காசு போகும்.

அட்வான்ஸ் என்ற சொல்லையே எடுத்துக்கொள்ளலாம். 'முன்கூட்டியே' என்று கரும்பலகையில் எழுதிவிட்டு அடுத்த வார்த்தைக்குப் போய்விட முடியும். தறிக்காரர் வீட்டுப் பிள்ளைக்கு அது போதாது. அவன் வீட்டில் அட்வான்ஸ் என்றால் கடன். அக்கா கல்யாணத்துக்கோ, அப்பாவின் ஆஸ்பத்திரிச் செலவுக்கோ தறி முதலாளியிடம் வாங்கிய தொகை. வாரக் கூலியில் கொஞ்சம் கொஞ்சமாகப் பிடிப்பார்கள். பிடித்து முடிவதற்குள் அடுத்த செலவு வந்து நிற்கும். வேறு இடத்துக்கு வேலைக்குப் போக வேண்டுமானால், புது முதலாளி பழைய அட்வான்ஸை அடைத்து ஆளை எடுத்துக்கொள்ள வேண்டும். நாமக்கல் பக்கம் பள்ளிபாளையம், குமாரபாளையம் விசைத்தறிப் பட்டறைகள் வரைக்கும் இதுதான் வழக்கம். அதே அட்வான்ஸைக் கடைவீதியில் ஒரு பெண் சேலைக்குக் கொடுத்தால் கதை வேறு. கொடுத்தவள் அதிகாரமாக போன் போட்டு, "எங்கே என் சேலை?" என்று கேட்கலாம். கொடுக்கிற கைக்குப் பிடிமானம், வாங்குகிற கைக்கு விலங்கு.

நோட்டீஸ் இன்னும் வேடிக்கை. கோவில் திருவிழாவுக்கும் நோட்டீஸ், கண்ணீர் அஞ்சலிக்கும் நோட்டீஸ், நகையை ஏலம் விடப் போகிறோம் என்று வங்கி அனுப்புவதும் நோட்டீஸ். முதல் இரண்டும் சுவரில் ஒட்டி ஊர் முழுக்கத் தெரியும். மூன்றாவது வருவது வீட்டுக்காரருக்கு மட்டும். அதையும் அவர் பிரித்துப் பார்க்காமல் ஓட்டு இடுக்கில் செருகி வைத்திருப்பார்; படித்தால்தான் பாக்கி, படிக்காவிட்டால் இல்லை என்பதுபோல.

கெடு, தவணை, வாய்தா, அச்சாரம், நாள் குறிப்பது என்று நம்மிடம் இல்லாத சொல் கிடையாது. வாய்தா கேட்கிறவனுக்கும் தவணை சொல்கிறவனுக்கும் உள்ள வித்தியாசம் கடன் கொடுத்தவர்களுக்கு நன்றாகவே தெரியும். இத்தனை இருந்தும் நாம் இங்கிலீஷிலிருந்து எடுத்துக்கொண்ட டெட்லைன் என்ற சொல்லின் பிறப்பு கொஞ்சம் கொடூரமானது. அமெரிக்க உள்நாட்டுப் போரில், 1864 வாக்கில், ஆண்டர்சன்வில் கைதி முகாமில் சுவருக்கு உள்பக்கம் ஒரு கோடு வைத்திருந்தார்கள். அதைத் தாண்டிய கைதியைக் காவலாளி சுட்டுவிடலாம். அந்தக் கோடுதான் டெட்லைன். இன்றைக்குப் பொறியியல் படித்து பெங்களூரில் இருக்கிற என் பழைய மாணவர்கள் வாரம் இரண்டு டெட்லைன் தாண்டிவிட்டு உயிரோடுதான் இருக்கிறார்கள். அந்த அளவுக்குச் சொல் தேய்ந்துவிட்டது.

தேய்ந்ததற்கு நாமும் ஒரு காரணம். இருபத்தைந்தாம் தேதி சேலை வேண்டும் என்றால் பதினைந்து என்று சொல்லி வைப்பது வியாபாரத்தில் சாமர்த்தியம் என்று நினைக்கிறார்கள். நெய்கிறவர் என்ன ஏமாளியா? முதலாளியின் பதினைந்து என்பது உண்மையில் இருபத்தைந்து என்று இரண்டே தடவையில் கண்டுபிடித்துவிடுவார். அப்புறம் முதலாளி பத்து என்பார்; நெய்கிறவர் அதையும் இருபத்தைந்தாகவே வாங்கிக்கொள்வார். என்றாவது ஒருநாள் நிஜமாகவே பத்தாம் தேதி தேவைப்படும்போது அந்தப் பத்தை நம்ப ஆள் இருக்காது. தேதியோடு காரணத்தையும் சேர்த்துச் சொல்லிவிட்டால் இந்த விளையாட்டே தேவையில்லை. "இருபத்தஞ்சு காலைல பொண்ணு வீட்டுக்காரங்க வந்து எடுத்துக்கிட்டு அப்படியே சத்திரத்துக்குப் போறாங்க" என்று சொல்லிப் பாருங்கள். அந்தத் தேதியை யாரும் பேரம் பேச மாட்டார்கள்.

இப்படி ஒவ்வொரு வார்த்தையாகப் பார்த்துப் பார்த்து, கடைசியில் என்னிடம் ஒரே ஒரு கேள்விதான் மிஞ்சியது. சொன்னது எந்த வார்த்தையாகவும் இருக்கட்டும். அது காதில் விழுந்தபோது, கேட்டவன் கையில் மிச்சமிருந்த நேரம் எவ்வளவு?

கைத்தறி நாட்களில் எங்கள் தெருவில் குழித்தறியில் நெய்த ஓர் அம்மா இருந்தார். கணவர் இல்லை, மகன் என் வகுப்பில். சில நாள் காலையில் அந்தப் பையன் பள்ளிக்கூடத்துக்குத் தாமதமாக வருவான். ஏண்டா என்றால், "முதலாளி வீட்டுக்குப் போயிட்டு வந்தேன் சார். பாவுல இன்னும் ரெண்டு சேலைதான் இருக்குன்னு அம்மா சொல்லிட்டு வரச் சொன்னாங்க" என்பான். பாவு, அதாவது தறியில் நீளவாக்கில் ஏறியிருக்கிற நூல், தீர்ந்த பிறகு போய்ச் சொன்னாலும் முதலாளி அடுத்த பாவு கொடுக்கத்தான் போகிறார். ஆனால் அதற்கு நூலுக்குச் சாயம் ஏற வேண்டும், பாவு ஓட்ட வேண்டும். பிறகு பழைய பாவின் இழை முனையோடு புதுப் பாவின் முனையை ஒவ்வொன்றாகப் பிணைக்க ஆள் வர வேண்டும். ஆயிரக்கணக்கான இழை. பிணைக்கிறவர் ஊருக்கு ஒருவரோ இருவரோதான். அவர் இன்றைக்கு எந்தத் தெருவில் உட்கார்ந்திருக்கிறாரோ! இரண்டு சேலை மிச்சம் இருக்கும்போதே சொன்னால் சாயக்காரர், பாவு ஓட்டுகிறவர், பிணைக்கிறவர் என்று மூன்று பேருக்கும் மூச்சு விட நேரம் கிடைக்கும். தறியும் ஒரு நாள்கூட வெறுமனே நிற்காது. கூலிக்கு நெய்கிறவருக்குத் தறி நின்றால் அன்றைக்குக் கூலி இல்லை என்பதை அந்தம்மாவுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. இருந்தாலும் அவர் தன் கூலியை மட்டும் பார்த்திருந்தால் ஒரு சேலை இருக்கும்போது சொன்னாலே போதும். இரண்டாவது சேலை, பிணைக்கிறவருக்காக. "அவரும் மனுசந்தானே சார், ராத்திரி வந்து விளக்கு வெளிச்சத்துல பிணைன்னா கண்ணு என்னத்துக்கு ஆகும்?" என்று ஒருமுறை என்னிடமே சொன்னார்.

இதற்கு நேர்மாறாகத்தான் பெரும்பாலும் நடக்கிறது. ஒரு கல்யாணப் பட்டு, எத்தனை கை மாறி நெய்கிறவரிடம் வருகிறது என்று பாருங்கள். முகூர்த்தம் குறித்துப் பெண் வீட்டார் மூன்று மாதத்துக்கு முன்பே தேதியைத் தெரிந்துகொள்கிறார்கள். கலர் முடிவு செய்வதில் ஒரு மாதம் போகிறது. மாப்பிள்ளையின் அக்காவுக்குப் பிடிக்க வேண்டும். கடைக்காரர் இன்னும் நாலு ஆர்டர் சேரட்டும் என்று சில நாள் வைத்துக்கொள்கிறார். மொத்த வியாபாரி நூல் விலை இறங்குமா என்று ஒரு வாரம் பார்க்கிறார். ஜக்கார்டுக்கு டிசைன் போடுகிறவர் ஊருக்குப் போயிருக்கிறார். தறி முதலாளி கையில் வந்து சேரும்போது மிச்சம் பத்து நாள். ஆளாளுக்குக் கொஞ்சம் தின்றுவிட்டு, தறியில் உட்கார்ந்திருப்பவரிடம், "அர்ஜென்ட்டுப்பா, ராத்திரியும் ஓட்டிடு" என்கிறார்கள். அவருக்கும் கீழே வாசலில் உட்கார்ந்து தார் சுற்றுகிற கிழவிக்கு அதுகூடக் கிடையாது. கிழவிக்கு வருவது "சீக்கிரம்" என்ற ஒரே வார்த்தை.

மேலே இருப்பவனுக்கு மாதக் கணக்கு, கீழே இருப்பவனுக்கு மணிக் கணக்கு. இது இளம்பிள்ளைக்கு மட்டும் உள்ள வியாதி இல்லை.

நல்ல நெசவூர் இதைத் தெரிந்துதான் தன் நாட்காட்டியை ஊர் நாட்காட்டிக்கு இரண்டு மாதம் முன்னால் ஓட்டும். ஆடியில் கல்யாணம் கிடையாது, ஆனால் ஆவணி முகூர்த்தத்துச் சேலை ஆனியிலும் ஆடியிலும் தறியில் இருந்தாக வேண்டும். புரட்டாசியில் ஊர் கோவிந்தா போடும்போது தறி தீபாவளிக்கு ஓடும். மார்கழியில் தைக்கு ஓடும். 1983-இல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் தொடங்கிய இலவச வேட்டி சேலைத் திட்டம் பொங்கலுக்கானது; விசைத்தறிகளுக்கு ஆர்டர் எந்த மாதத்தில் வந்து சேர்கிறது என்பதைப் பொறுத்துத்தான் அந்த வருஷத்து வேலை நிதானமா, நெருக்கடியா என்பது. அந்தக் காலத்தில் அமாவாசைக்குத் தறிக்கு விடுமுறை. அன்றைக்குக் கோவில் கூட்டத்தால் சித்தர்கோவில் வழியாக வரும் பஸ்ஸில் கால் வைக்க இடம் இருக்காது என்பதும் எல்லாருக்கும் முன்பே தெரியும், வெளியூர்ப் பயணத்தை யாரும் அன்றைக்கு வைத்துக்கொள்ள மாட்டார்கள். பாவடியில் பாவை விரித்துக் கஞ்சி போடுகிற பெரியவர்கள், விடியும் முன்பே எழுந்து கஞ்சமலைப் பக்கம் வானத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டுத்தான் கஞ்சிப் பானையைத் தூக்குவார்கள். கஞ்சி ஏறிய பாவில் மழை விழுந்தால் அந்த நூல் அவ்வளவுதான். வானிலை அறிக்கை கேட்கிற வசதி இல்லாதவர்கள் அவர்கள். அறிக்கையை அலட்சியம் செய்கிற வசதியும் இல்லாதவர்கள்.

கரண்ட் வந்த பிறகு வானத்துக்குப் பதிலாகப் பேப்பரைப் பார்க்கத் தொடங்கினோம். "நாளை மின்தடை" என்று உள்பக்கத்தில் வருகிற சின்னக் கட்டத்தை, ராசிபலனுக்கு முன்னால் படிக்கிற ஊர் இது. மாதாந்திரப் பராமரிப்புக்காகக் காலை ஒன்பது மணியிலிருந்து கரண்ட் இருக்காது என்று முதல் நாளே தெரிந்துவிட்டால், தறிக்காரர் அதைத் திட்டிக்கொண்டே ஏற்றுக்கொள்வார். அன்றைக்குப் பார்த்து எண்ணெய் விடுவார், பாவு பிணைக்க ஆளைக் கூப்பிடுவார், ஆதார் வேலைக்குத் தாலுகா ஆபீஸ் போய்விட்டு வருவார். 2012-இல் அடித்த கரண்ட் கட்டு வேறு ரகம். சென்னையைத் தவிர்த்த மாவட்டங்களில் நாளில் பாதிக்கு மேல் மின்சாரம் இல்லாத நாட்கள் இருந்தன. கட்டு நீளமானது என்பதைவிட, எப்போது போகும் எப்போது வரும் என்று தெரியாததுதான் ஜனங்களைக் கொன்றது. ராத்திரி இரண்டு மணிக்குக் கரண்ட் வரும் என்று குடும்பமே தறிக்குப் பக்கத்தில் படுத்துக் கிடக்கும். வராது. நாலு மணிக்கு வந்து ஐந்து மணிக்குப் போகும். உறக்கமும் இல்லை, கூலியும் இல்லை. எட்டு மணி நேரம் இல்லை என்று முன்கூட்டியே அறிவித்திருந்தால், அந்த எட்டு மணி நேரம் உறங்கவாவது செய்திருப்பார்கள்.

அறிவிப்பே இல்லாமல் வந்த இரண்டு ராத்திரிகளை இங்கே யாரும் மறக்க முடியாது. 2016 நவம்பர் 8, ராத்திரி எட்டு மணிக்குப் பிரதமர் டிவியில் பேசினார். நள்ளிரவு முதல் 500, 1,000 ரூபாய் நோட்டு செல்லாது. அப்போது தறிக்கூலி முழுக்க ரொக்கத்தில் ஓடியது. அந்த வாரச் சனிக்கிழமை கூலியைக் கொடுக்கிறவரிடமும் செல்லாத நோட்டுதான். ரகசியம் காக்க வேண்டிய நடவடிக்கை, முன்கூட்டிச் சொன்னால் பதுக்கினவன் தப்பிவிடுவான் என்றார்கள். அந்த வாதத்தில் நியாயம் உண்டு. ஆனால் பதுக்க ஒன்றும் இல்லாதவன்தான் வங்கி வாசலில் அதிக நாள் நின்றான். அடுத்தது 2020 மார்ச் 24. அதுவும் ராத்திரி எட்டு மணி, அதுவும் நள்ளிரவு முதல், 21 நாள் ஊரடங்கு. சித்திரை, வைகாசி முகூர்த்தத்துக்கு நெய்து மடித்து வைத்த சேலையெல்லாம் கடையிலேயே உட்கார்ந்தது. தறி ஓட்ட வந்திருந்த வெளியூர்க்காரர்களுக்குக் கையில் நான்கு மணி நேரம். நான்கு மணி நேரத்தில் எந்த ஊருக்குப் போக முடியும்? தொற்று நோய் நாள் கொடுக்காது என்பது வாஸ்தவம்தான். ஆனாலும் அரசாங்கம் கொஞ்சம் நாள் கொடுத்திருக்க முடியும் என்று நினைப்பவன் நான். என்னோடு சண்டை போடுகிற நண்பர்கள் உண்டு.

எங்கள் மாவட்டத்துக்கு முன்னெச்சரிக்கை என்றால் என்னவென்று வருஷா வருஷம் பாடம் எடுப்பது மேட்டூர். 1934-இல் கட்டி முடித்த அணை. முழு நீர்மட்டம் 120 அடி, கொள்ளளவு 93.47 டி.எம்.சி. பாசனத்துக்குத் திறக்கிற நாள் ஜூன் 12 என்பது மரபு. அந்த ஒரு தேதியை நம்பித் தஞ்சாவூர்க்காரர் குறுவைக்கு நாற்றங்கால் போடுகிறார். 2022-இல் தண்ணீர் நிறைய இருந்ததால் மே 24-ஆம் தேதியே திறந்தார்கள். 2024-இல் ஜூலை கடைசி வரை திறக்க முடியவில்லை. இங்கிலீஷில் தள்ளிப்போடுவதற்குப் போஸ்ட்போன் உண்டு. முன்னுக்கு இழுப்பதற்குச் சொல் தேடி நம் நாட்டார் ப்ரீபோன் என்று ஒன்றைப் புழக்கத்தில் விட்டார்கள், வெள்ளைக்காரர்கள் புருவத்தை உயர்த்தினார்கள், பிறகு ஆக்ஸ்போர்டு அகராதியில் அது ஏறியும்விட்டது. முகூர்த்தத்தை முன்னுக்கு இழுக்கிற பழக்கம் உள்ள ஊரில் அந்தச் சொல் இல்லாமல் முடியாது. மேட்டூருக்கும் இரண்டும் வேண்டித்தான் இருக்கிறது.

அணை நிரம்பினால் கதை மாறும். கர்நாடகத்தில் கபினியும் கிருஷ்ணராஜசாகரும் நிரம்பித் திறந்துவிட்ட தண்ணீர், பிலிகுண்டுலுவில் அளக்கப்பட்டு, ஒகேனக்கல் தாண்டி மேட்டூருக்கு வந்து, 16 கண் மதகு வழியாகக் கீழே இறங்கும். தண்ணீர் வருகிற வழி நீளம் என்பதால் எச்சரிக்கத் தாராளமாக நேரம் உண்டு. 2018 ஆகஸ்டில் வினாடிக்கு இரண்டு லட்சம் கனஅடி போனபோது குமாரபாளையம், பள்ளிபாளையம் ஆற்றோர வீடுகளுக்குள் தண்ணீர் புகுந்தது. அங்கே இருப்பவர்களில் நிறையப் பேர் விசைத்தறிக் கூலிகள். முன்பே சொல்லியிருந்ததால் பெரும்பாலோர் பாத்திரம் பண்டத்தோடு பள்ளிக்கூடத்துக்கும் மண்டபத்துக்கும் போய்விட முடிந்தது. ஆற்றில் வெள்ளம் வருவதை நம்மால் நிறுத்த முடியாது. ரேஷன் கார்டையும் பிள்ளையின் புத்தகப் பையையும் எடுத்துக்கொண்டு வெளியேறுவதற்கான நேரத்தைக் கொடுக்க முடியும்.

அந்தக் காலத்தில் இதற்குத் தண்டோரா. பறையை அடித்துக்கொண்டு ஒருவர் தெருத்தெருவாக வருவார். அவர் சொல்லும் சேதியால் ஊர் பிழைக்கும். சொன்னவரை ஊர் மதித்த லட்சணம் எல்லாருக்கும் தெரியும். 2022 ஆகஸ்டில், அப்போது தலைமைச் செயலாளராக இருந்த இறையன்பு, தண்டோரா போடும் வழக்கத்தை நிறுத்தி வண்டியில் ஒலிபெருக்கி கட்டி அறிவிக்கும்படி ஆட்சியர்களுக்குக் கடிதம் எழுதினார். நல்ல காரியம். எச்சரிக்கிறவரை வாசலுக்கு வெளியே நிறுத்தி வைத்துக்கொண்டு எச்சரிக்கையை மட்டும் உள்ளே எடுத்துக்கொண்ட கூட்டம் நாம்.

ஒலிபெருக்கி என்றதும் நல்லவாடு ஞாபகம் வருகிறது. புதுச்சேரிக் கடற்கரையில் உள்ள மீனவக் கிராமம். 2004 டிசம்பர் 26, காலை சுமார் ஆறரை மணிக்குச் சுமத்ராவில் நிலநடுக்கம். அலை நம் கரைக்கு வந்து சேர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆனது. இரண்டு மணி நேரம் என்பது சின்ன நேரமா? சேலத்திலிருந்து ஈரோட்டுக்குப் போய்விடலாம். ஆனால் அந்த நேரம் கரையில் இருந்த யார் கையிலும் வந்து சேரவில்லை. டெல்லியில் ஒரு எச்சரிக்கை ஃபேக்ஸ், பதவியில் இல்லாத பழைய அமைச்சருக்குப் போனது என்று அப்போது பத்திரிகைகள் எழுதின. நல்லவாட்டில் நடந்தது வேறு. அந்த ஊரைச் சேர்ந்த ஒருவர் சிங்கப்பூரில் வேலையில் இருந்தார். அங்கே செய்தியைப் பார்த்ததும் வீட்டுக்கு போன் போட்டார். எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அந்த ஊரில் ஒரு தகவல் மையம் வைத்திருந்தது. தினமும் கடல் எப்படி இருக்கும் என்று மீனவர்களுக்குச் சொல்கிற ஒலிபெருக்கி அங்கே இருந்தது. சேதி கேட்டவர்கள் அதில் ஊரையே எழுப்பி வெளியே ஓடச் சொன்னார்கள். வீடுகளும் படகுகளும் போயின. ஊர் ஜனம் பிழைத்தது.

மூன்று வருஷம் கழித்து, 2007-இல், ஹைதராபாத்தில் சுனாமி எச்சரிக்கை மையம் வந்தது. அது வேண்டியதுதான். ஆனாலும் 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் வந்தபோது, கன்னியாகுமரி மீனவர்கள் பலநாள் தங்கி மீன் பிடிக்க ஏற்கெனவே நடுக்கடலுக்குப் போயிருந்தார்கள். கரையில் எழுதிப் போட்ட எச்சரிக்கை கடலில் இருந்தவனுக்கு எப்படிப் போகும்? அறிக்கை வெளியிட்ட நேரத்தைக் காட்டி, "நாங்கள் சொல்லிவிட்டோம்" என்று அதிகாரி சொல்லலாம். அவர் சொன்ன நேரமும் அவன் கேட்ட நேரமும் வேறு வேறு.

இப்போது செல்போனில் மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு என்று வருகிறது. மஞ்சள் என்றால் கவனித்துக்கொண்டிரு, ஆரஞ்சு என்றால் தயாராகு, சிவப்பு என்றால் செய்ய வேண்டியதைச் செய். வானிலைத் துறை வைத்த அர்த்தம் இது. எங்கள் பேரன் வைத்திருக்கிற அர்த்தம், மஞ்சள் என்றால் பள்ளிக்கூடம் உண்டு, ஆரஞ்சு என்றால் சந்தேகம், சிவப்பு என்றால் லீவு.

பெரிய விஷயத்தையெல்லாம் அரசாங்கம் பார்த்துக்கொள்ளட்டும். வீட்டளவில் நாம் அடிக்கடி செய்யும் கெடுதல் ஒன்று உண்டு. 'முடியாது' என்பதைக் கடைசி நாள் வரை சொல்லாமல் வைத்திருப்பது. "பாக்கலாம்", "நாளைக்குச் சொல்றேன்", "ரெடி ஆயிட்டே இருக்குங்க" என்று மரியாதையான வார்த்தைகளைப் போட்டு நாளைக் கடத்துவோம். மனசு நோகக் கூடாது என்று நினைத்துத்தான் செய்கிறோம். பணம் தருகிறேன் என்று சொன்னவர் பத்து நாள் முன்னால், "இந்தத் தடவை என்னால ஆகாதுப்பா" என்றால் கேட்டவன் முகம் சுண்டும். ஆனால் வேறு கதவைத் தட்டப் பத்து நாள் இருக்கும். பீஸ் கட்டக் கடைசி நாள் காலையில் சொன்னால் முகமும் சுண்டும், சீட்டும் போகும். படித்த பையன்களிடம் இது அதிகம் என்பது என் அபிப்பிராயம். நெய்கிறவர்கள் கொஞ்சம் பரவாயில்லை. பாவு தீர்ந்ததை மறைக்க முடியாது என்பதால் வந்த நேர்மையாகவும் இருக்கலாம்.

எல்லாவற்றுக்கும் முன்கூட்டிச் சொல்ல வேண்டும் என்றும் நான் சொல்ல மாட்டேன். விருந்தாளி சொல்லாமல் வந்து திண்ணையில் செருப்பைக் கழற்றிய காலத்தில் வாழ்ந்தவன். வந்தவருக்கு உலையில் இன்னும் ஒரு பிடி அரிசி போட்டால் முடிந்தது. இப்போது அத்தை பெண்கூட, "வீட்டுல இருக்கீங்களா மாமா? அஞ்சு மணிக்கு வரலாமா?" என்று வாட்ஸ்அப்பில் கேட்டுவிட்டு வருகிறாள். எனக்கு அது கொஞ்சம் கசக்கத்தான் செய்கிறது. என் மனைவிக்கு நிம்மதி. சமைக்கிறவர் யார் என்பதைப் பொறுத்துத்தான் இந்த அபிப்பிராயம் அமையும் என்று இப்போது தெரிகிறது.

வயதானவர்கள் சொல்லி வைக்க வேண்டியது இன்னொன்று இருக்கிறது. எங்கள் பக்கத்தில் ஒருவர் திடீரென்று போய்ச் சேர்ந்தால், மூன்றாம் நாள் காரியம் முடிவதற்குள் வீட்டில் பீரோவைக் கவிழ்க்க ஆரம்பித்துவிடுவார்கள். எந்த வங்கியில் கணக்கு, நகை எங்கே அடகில் இருக்கிறது, யாருக்குக் கைமாற்று கொடுத்திருக்கிறார், கரண்ட் கனெக்‌ஷன் யார் பெயரில் என்று ஒன்றும் தெரியாது. வங்கிக் கணக்குக்கு இப்போது நான்கு பேர் வரை நாமினி போடலாம், 2025 நவம்பரிலிருந்து அந்த வசதி வந்திருக்கிறது. போட்டால் அபசகுனம் என்று அந்தக் கட்டத்தைக் காலியாக விடுகிறவர்களை இன்னும் பார்க்கிறேன். ஜாதகத்தில் ஆயுள் பார்த்து வைத்துக்கொள்வார்கள்; நாமினி பெயர் எழுத மாட்டார்கள்.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகள் வந்திருந்தபோது, ஒரு நோட்டில் எழுதி வைத்திருந்ததை எடுத்து வாசித்தேன். கணக்கு, இன்சூரன்ஸ், வீட்டுப் பத்திரம், மருந்துச் சீட்டு, ஆஸ்பத்திரியில் எதுவரை வைத்தியம் பார்க்க வேண்டும், எதற்கு மேல் வேண்டாம் என்பது வரை. பெரியவன், "இப்ப எதுக்குப்பா இதெல்லாம்?" என்று எழுந்து போகப் பார்த்தான். "இப்ப சொன்னாத்தான் கேள்வி கேக்க நான் இருப்பேன், உக்காருடா" என்றேன். மகள் போனில் போட்டோ எடுத்துக்கொண்டாள். இவ்வளவையும் சமையலறையிலிருந்தே கேட்டுக்கொண்டிருந்த என் மனைவி, கரண்டியோடு வெளியே வந்து, பட்டா மேல் அலமாரியில் இல்லை, இரண்டு வருஷமாகக் கீழே தகரப் பெட்டியில் இருக்கிறது, அதையும் மாற்றி எழுதச் சொன்னார். எழுதினேன்.